பிஎஸ் பிளஸ் மாத கேம்கள்: இன்று சேர்த்து வைத்தது நாளை கையில் நிற்குமா?

"பிளேஸ்டேஷன் பிளஸில் மாதாமாதம் தரும் கேம்கள் நிஜமாகவே இலவசமா?" என்று ஆரம்பித்திருக்கிறீர்கள். கேள்வியை முழுதாகப் படித்தால் உங்கள் கவலை வேறு என்று தெரிகிறது. சோனியின் இந்தச் சந்தாச் சேவையில் அடிப்படைப் படியான எஸென்ஷியலுக்கு ஒரு வருடச் சந்தா போட்டாயிற்று. கையில் இருப்பது பிஎஸ்4 (பிளேஸ்டேஷன் 4 கன்சோல்). அடுத்த வருடம் பிஎஸ்5 வாங்க உத்தேசம். வீட்டில் தம்பியும் விளையாடுவார். இப்போதிலிருந்து சேர்த்து வைக்கும் கேம்கள் அப்போதும் இருக்குமா, ஒரு வருடம் பணம் கட்டாமல் விட்டால் எல்லாம் போய்விடுமா, தம்பிக்குத் தனிச் சந்தா வேண்டுமா என்பதுதான் நீங்கள் உண்மையில் கேட்பது. அதற்கே பதில் சொல்கிறேன்.

முதலில் அடிப்படை. மாத கேம் உங்களுக்கு விலைக்கு வந்த பொருள் இல்லை, குத்தகைக்கு வந்த நிலம் மாதிரி. 'லைப்ரரியில் சேர்' பொத்தானை அழுத்தும்போது உங்கள் கணக்கில் ஓர் உரிமம் பதிவாகிறது. அந்த உரிமத்துக்கு ஒரே ஒரு நிபந்தனை: சந்தா உயிரோடு இருக்க வேண்டும். சந்தா முடிந்த அன்று கேம் கன்சோலை விட்டு அழியாது, அது பிடித்த 80 ஜிபி இடமும் அப்படியே இருக்கும். படத்தின் ஓரத்தில் சின்னப் பூட்டு ஒன்று விழும், திறக்காது, அவ்வளவுதான். ஆறு மாதமோ இரண்டு வருடமோ கழித்து மறுபடி சந்தா போட்டால், முன்பு சேர்த்ததெல்லாம் ஒன்று விடாமல் திறக்கும். இடைப்பட்ட மாதங்களில் வந்துபோன கேம்கள் மட்டும் கிடைக்காது, ஏனென்றால் அவற்றை நீங்கள் சேர்க்கவே இல்லை. உங்கள் முதல் இரண்டு கேள்விகளுக்கும் இதுவே பதில். இதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. 2010 ஜூனில் பிஎஸ்3-க்காக இந்தச் சேவை தொடங்கிய நாளிலிருந்து இந்த விதி மாறவில்லை.

ஆகவே 'இலவசம்' என்ற சொல்லை அப்படியே நம்ப வேண்டாம். சோனியே இப்போது 'மாத கேம்கள்' என்றுதான் பெயர் வைத்திருக்கிறது. எக்ஸ்பாக்ஸ் பக்கம் பார்த்தால் இந்த வித்தியாசம் இன்னும் துலக்கமாகத் தெரியும். 2013-இல் தொடங்கிய 'கேம்ஸ் வித் கோல்ட்' திட்டத்தில், எக்ஸ்பாக்ஸ் 360 கேமைச் சேர்த்தவருக்கு அது நிரந்தரம், சந்தா நின்றாலும் ஓடும். எக்ஸ்பாக்ஸ் ஒன் கேம் என்றால் சந்தா உள்ளவரைதான். ஒரே திட்டத்துக்குள் இரண்டு வகை உரிமம். அந்தத் திட்டம் 2023 செப்டம்பரில் முடிந்துபோனது. கணினியில் எபிக் கேம்ஸ் ஸ்டோர் வாராவாரம் கொடுப்பது வேறு ரகம். அதற்குச் சந்தாவே கிடையாது, ஒருமுறை எடுத்தால் உங்கள் கணக்கில் தங்கிவிடும். நண்பர்கள் பேசும்போது இந்த மூன்றையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்வதால்தான் "எனக்கு சந்தா இல்லாமலே ஓடுதே" என்பது போன்ற பேச்சு வருகிறது.

இனி சேர்க்கும் முறை. பிஎஸ்4 வைத்திருப்பவர்கள் அதிகம் கோட்டை விடுவது இங்கேதான். புதிய மாத கேம்கள் அந்த மாதத்தின் முதல் செவ்வாய்க்கிழமை வரும். அடுத்த மாதத்தின் முதல் செவ்வாய்க்கு முந்தைய திங்கள் வரை இருக்கும். உதாரணமாக 2025 ஜூலை கேம்கள் ஜூலை 1 செவ்வாய் அன்று வந்து ஆகஸ்ட் 4 திங்கள் வரை இருந்தன. என்னென்ன வரும் என்பதை வழக்கமாக அதற்கு முந்தைய புதன்கிழமையே பிளேஸ்டேஷன் வலைப்பதிவில் அறிவித்துவிடுவார்கள். காலண்டரில் முதல் செவ்வாய்க்கு ஒரு நினைவூட்டல் வைத்தால் போதும். கடைசித் திங்கள் இரவு பார்த்துக்கொள்ளலாம் என்று மட்டும் விடாதீர்கள். எந்த நேரத்தில் மாற்றுவார்கள் என்பது நாட்டுக்கு நாடு வேறுபடும்.

பிஎஸ்4-இல் உள்ள ஸ்டோரைத் திறந்தால் பிஎஸ்5 கேம் கண்ணில் படாது. அதனால் கன்சோலில் தேடாமல் போனில் பிஎஸ் ஆப் அல்லது பிரவுசரில் பிளேஸ்டேஷன் ஸ்டோர் தளத்துக்குப் போங்கள். உள்நுழைந்து, பிளேஸ்டேஷன் பிளஸ் பகுதியில் அந்த மாத கேம்கள் ஒவ்வொன்றின் பக்கத்தையும் தனித்தனியாகத் திறந்து 'லைப்ரரியில் சேர்' என்பதை அழுத்துங்கள். பிஎஸ்5 சொந்தமாக இருக்க வேண்டியதில்லை, டவுன்லோட் செய்யவும் வேண்டியதில்லை. சேர்த்தாலே உரிமம் பதிவாகிவிடும். வட்டில் ஒரு எம்பி கூடச் செலவாகாது. பிஎஸ்5 வாங்கும் நாளில் அதே கணக்கில் நுழைந்து, கேம் லைப்ரரிக்குப் போனால் எல்லாம் வரிசையாக நிற்கும். சில கேம்களுக்கு பிஎஸ்4, பிஎஸ்5 பதிப்புகள் ஸ்டோரில் தனித்தனிப் பக்கமாக இருக்கும், அப்போது இரண்டையும் சேர்த்துவிடுங்கள். ஒன்றைச் சேர்த்தால் மற்றது தானே வந்துவிடும் என்று எண்ண வேண்டாம். ஃபைனல் ஃபேன்டசி 7 ரீமேக் 2021 மார்ச்சில் மாத கேமாக வந்தபோது கிடைத்தது பிஎஸ்4 பதிப்பு. அந்த ஆண்டு ஜூனில் பிஎஸ்5 மேம்படுத்தல் வந்தபோது விலைக்கு வாங்கியவர்களுக்கு உடனே கிடைத்தது. பிளஸில் எடுத்தவர்களுக்கு அந்த ஆண்டு டிசம்பரில்தான் கிடைத்தது.

உங்களுக்கு இதைவிட முக்கியமான விஷயம் ஒன்று உண்டு. பிஎஸ்4 கேம்கள் இனி மாதப் பட்டியலின் முக்கியப் பகுதியாக இருக்காது, 2026 ஜனவரியிலிருந்து எப்போதாவதுதான் வரும் என்று சோனி 2025 ஜனவரியிலேயே அறிவித்துவிட்டது. ஏற்கெனவே சேர்த்த பிஎஸ்4 கேம்களுக்கு இதனால் பாதிப்பில்லை. பிஎஸ்4 மட்டும் வைத்திருப்பவருக்கு மாத கேம்களால் கிடைக்கும் பலன் இனி மெலிந்துகொண்டே போகும் என்பதுதான் இதன் பொருள். இது புதிதும் இல்லை. 2019 மார்ச்சில் பிஎஸ்3 கேம்களையும், சோனியின் கைக்கன்சோலான வீட்டாவின் கேம்களையும் இப்படித்தான் நிறுத்தினார்கள். ஆகவே அடுத்த வருடம் பிஎஸ்5 வாங்குவது உறுதி என்றால் இப்போதே சேர்த்து வைப்பதில் அர்த்தம் உண்டு. இழுபறி என்றால், இன்றைய சந்தாவை ஆன்லைன் ஆட்டத்துக்காகவும் மேகச் சேமிப்புக்காகவும் (ஆட்டத்தில் எட்டிய இடத்தைச் சோனியின் சர்வரில் பதிந்து வைப்பது) மட்டுமே கணக்கில் வைத்து, அது கட்டுப்படியாகுமா என்று பாருங்கள். ஃபோர்ட்நைட் மாதிரி விலையில்லா கேம்களை ஆன்லைனில் ஆட பிளஸ் சந்தாவே தேவையில்லை என்பதையும் நினைவில் வையுங்கள். தம்பி ஆடுவது அது மட்டும்தான் என்றால் இந்தச் செலவே வீண்.

அடுத்த குழப்பம் எஸென்ஷியல், எக்ஸ்ட்ரா வேறுபாடு. 2022-இல் சேவையை மூன்று படியாகப் பிரித்தார்கள்: எஸென்ஷியல், எக்ஸ்ட்ரா, அதற்கு மேல் பிரீமியம். இந்தியாவில் மேல்படிக்குப் பெயர் டீலக்ஸ். மாத கேம்கள் மூன்று படிக்கும் பொது. எக்ஸ்ட்ராவில் கூடுதலாகக் கிடைக்கும் 'கேம் கேட்டலாக்' முற்றிலும் வேறு வகை. அதில் ஒரு கேம் இருக்கும் காலம் வரைதான் ஆடலாம். பட்டியலிலிருந்து எடுத்துவிட்டால் சந்தா இருந்தாலும் பூட்டு விழும். சோனியின் சொந்தத் தயாரிப்பு என்பதால் எப்போதும் இருக்கும் என்றும் சொல்ல முடியாது. ஹொரைசன் ஸீரோ டான் 2024 மே மாதம் கேட்டலாக்கை விட்டு வெளியேறியது. பாதி ஆட்டத்தில் நின்றவர்கள் விலை கொடுத்து வாங்கித்தான் முடிக்க வேண்டியிருந்தது. மாத கேமாகச் சேர்த்ததற்கு இந்த ஆபத்து கிடையாது. மாதம் முடிந்து பட்டியல் மாறினாலும் உங்களுடையது உங்களிடமே இருக்கும். அதனால் எக்ஸ்ட்ரா சந்தாதாரர்களுக்கு ஒரு யோசனை: கேட்டலாக்கில் ஏற்கெனவே ஆடிக்கொண்டிருக்கும் கேம் பிறகு மாத கேமாக வந்தால், "இதுதான் இருக்கிறதே" என்று விடாமல் அந்த மாதத்துக்குள் அதன் பக்கத்துக்குப் போய் மாத கேமாகவும் சேர்த்துவிடுங்கள். பிறகு எஸென்ஷியலுக்கு இறங்கினாலும் அது நிற்கும்.

படி ஏறும்போது கட்டணம் எப்படி வரும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். எஸென்ஷியலில் 10 மாதம் பாக்கி இருக்கும்போது எக்ஸ்ட்ராவுக்கு மாறினால், அந்த 10 மாதத்துக்குமான வித்தியாசத்தையும் அன்றே கட்ட வேண்டும். ஒரு மாதம் மட்டும் எக்ஸ்ட்ராவைப் பார்த்துவிட்டு வருவோம் என்பதற்கு வழியில்லை. தள்ளுபடியில் இரண்டு மூன்று வருடச் சந்தாவை அடுக்கி வைத்தவர்களுக்கு இந்தத் தொகை பெரிதாக வரும். கீழே இறங்குவது அடுத்த கட்டண நாளில்தான் நடக்கும். தெரியாமல் ஏறிவிட்டீர்கள் என்றால் 14 நாளுக்குள் ரத்து செய்து பணம் கேட்கலாம். அதற்குள் பயன்படுத்தியிருந்தால் அதைக் கழித்துக்கொண்டு கொடுப்பார்கள்.

தம்பி விஷயத்துக்கு வருகிறேன். ஒரே வீட்டில், ஒரே கன்சோலில் ஆடுபவர்களுக்கு இரண்டு சந்தா தேவையே இல்லை. பிஎஸ்4-இல் உங்கள் கணக்கில் நுழைந்து, செட்டிங்ஸ், கணக்கு நிர்வாகம் வழியாகப் போய், அதை உங்கள் 'பிரைமரி பிஎஸ்4' ஆக ஆக்டிவேட் செய்யுங்கள். பிஎஸ்5-இல் இதற்குப் பெயர் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே'. செட்டிங்ஸில் பயனர்கள், கணக்குகள் பகுதியில் 'அதர்' என்பதன் கீழ் இருக்கும். இதைச் செய்துவிட்டால் தம்பி தன் கணக்கில் இருந்தபடியே உங்கள் மாத கேம்களைத் திறக்கலாம், ஆன்லைனிலும் ஆடலாம். அவர் ஆட்டத்தின் சேமிப்பும், ஆட்டத்தில் வெல்லும் கோப்பைகளும் (டிராஃபி) அவர் கணக்கிலேயே தனியாக இருக்கும். பிஎஸ்4-க்கு ஒன்று, பிஎஸ்5-க்கு ஒன்று என்று தனித்தனியாக வைக்க முடியும் என்பதால், புது பிஎஸ்5 வந்த பிறகும் பழைய பிஎஸ்4 தம்பியிடம் பிரைமரியாகவே இருக்கலாம். தம்பி சிறுவர் என்றால் அவர் கணக்கின் வயது வரம்பு குறுக்கே வரும். 18 வயது முத்திரை குத்திய கேம் உங்கள் லைப்ரரியில் இருந்தாலும் அவருக்குத் திறக்காது, அது அப்படித்தான் இருக்க வேண்டும்.

சந்தா இருந்தும் பூட்டு விழுவதுதான் அடிக்கடி வரும் புகார். பதற்றத்தில் கேமை அழித்துவிட்டு மறுபடி 80 ஜிபி இறக்காதீர்கள். அதனால் ஒன்றும் ஆகாது. முதலில் சந்தாவின் முடிவுத் தேதியைப் பாருங்கள். இந்தியக் கணக்கு என்றால் தானாகப் புதுப்பிப்பது கார்டில் தோற்றுப்போயிருக்க வாய்ப்பு அதிகம். 2021 அக்டோபரில் ரிசர்வ் வங்கியின் விதி வந்த பிறகு, தானியங்கிக் கழிவுக்குக் கார்டில் முறையாக அனுமதி பதிவாகியிருக்க வேண்டும், இல்லையென்றால் வங்கி மறுத்துவிடும். அதனால் இரண்டு நாள் முன்பே பிளேஸ்டேஷன் கணக்கின் வாலட்டில் பணம் போட்டு வைப்பது நல்லது. தேதி சரியாக இருந்தால் அடுத்தது இன்டர்நெட். கன்சோலில் இருக்கும் உரிமத்திலேயே ஒரு முடிவுத் தேதி பதிந்திருக்கும். சந்தா புதுப்பித்த பிறகு ஒரு தடவையாவது ஆன்லைனுக்கு வந்தால்தான் அந்தத் தேதி நகரும். ஹாஸ்டலுக்கு எடுத்துப்போய் வாரக்கணக்கில் இணைப்பில்லாமல் ஆடுபவர்களுக்குப் பூட்டு விழுவது இதனால்தான். இரண்டும் சரி, இன்னும் பூட்டு இருக்கிறது என்றால் 'ரீஸ்டோர் லைசென்ஸஸ்' என்பதை அழுத்துங்கள். பிஎஸ்5-இல் அது மேலே சொன்ன அதே 'அதர்' பகுதியில் இருக்கிறது, பிஎஸ்4-இல் கணக்கு நிர்வாகத்துக்குள் இருக்கிறது. கொஞ்ச நேரத்தில் முடியும் வேலை, பெரும்பாலும் பூட்டு அதோடு போய்விடும். அதற்கும் மசியாவிட்டால் சிக்கல் உங்கள் கணக்கில் இருக்கிறது. அதை சோனியின் உதவிப் பிரிவுதான் திறந்து பார்க்க முடியும், வெளியிலிருந்து யார் சொல்வதும் ஊகம்தான்.

சேமிப்புக் கோப்புகளைப் பற்றி யாரும் யோசிப்பதில்லை, பிறகு வருந்துவார்கள். பிஎஸ்4 கேமின் சேமிப்பை யுஎஸ்பி குச்சியில் பிரதி எடுக்கலாம். பிஎஸ்5 கேமின் சேமிப்பை மட்டும் தனியாக அப்படி எடுக்க முடியாது, மேகத்துக்குத்தான் ஏற்ற வேண்டும், மேகச் சேமிப்புக்கோ பிளஸ் சந்தா வேண்டும். சந்தாவை நிறுத்தப்போகிறீர்கள், அதே சமயம் கன்சோலை விற்கவோ ரிப்பேருக்குக் கொடுக்கவோ போகிறீர்கள் என்றால் வரிசை முக்கியம்: சந்தா உயிரோடு இருக்கும்போதே ஏற்ற வேண்டும், புதிய கன்சோலில் இறக்க வேண்டும், அதன் பிறகுதான் நிறுத்த வேண்டும். மாற்றிச் செய்தால் 60 மணி நேர ஆட்டம் பூட்டுக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கொள்ளும்.

மாத கேமுக்கு நீங்கள் காசு கொடுத்து வாங்கும் கூடுதல் பகுதிகள் நிரந்தரமாக உங்களுடையவை, ஆனால் அடிப்படை கேம் பூட்டியிருந்தால் அவற்றை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. 2025 ஜூலையில் டியாப்லோ 4 வந்தபோது கிடைத்தது அடிப்படை கேம் மட்டும், 'வெஸல் ஆஃப் ஹேட்ரட்' விரிவாக்கத்தைத் தனியாக வாங்க வேண்டியிருந்தது. அப்படி வாங்குவதற்கு முன் இன்னும் எத்தனை மாதம் சந்தா வைத்திருப்பீர்கள் என்று கணக்குப் போடுங்கள். பின்னால் அதே கேமின் டிஸ்க்கை வாங்கினால் கூடுதல் பகுதி அதோடு சேர்ந்து ஓடும், ஆனால் டிஸ்க்கின் பிராந்தியமும் உங்கள் கணக்கின் பிராந்தியமும் பொருந்த வேண்டும். வெளிநாட்டிலிருந்து உறவினர் கொண்டுவரும் டிஸ்க்கில் இது பல தடவை பொருந்தாது.

இதுவரை சொன்னவை உறுதியானவை. இனி வருவது அவ்வளவு உறுதி இல்லாத பக்கம். சேர்த்த கேம் உங்கள் லைப்ரரியில் இருக்கும், ஆனால் அது ஓடுமா என்பது சில சமயம் சோனியின் கையிலும் இருக்காது. 2017 ஏப்ரலில் மாத கேமாக வந்த டிரான் டு டெத் முழுக்க ஆன்லைன் கேம். 2019 மார்ச்சில் அதன் சர்வர்களை மூடினார்கள். சேர்த்து வைத்தவர்களிடம் இன்று இருப்பது பெயர் மட்டுமே. ஆன்லைன் மட்டுமே உள்ள கேம் என்றால் அதைச் சேமிப்பாக எண்ணாதீர்கள், வந்த மாதமே ஆடிவிடுங்கள். கட்டணமும் அப்படித்தான். அமெரிக்காவில் ஆண்டுச் சந்தா 2016-இல் 50 டாலரிலிருந்து 60-க்கு ஏறியது, 2023 செப்டம்பரில் எஸென்ஷியலே 80 ஆனது. இந்தியாவிலும் 2023-இல் கூட்டினார்கள். உங்கள் லைப்ரரி பெரிதாகப் பெரிதாக, அதைத் திறந்து வைக்கும் வாடகையும் ஏறும். இதனால்தான் மனதுக்கு மிகப் பிடித்த கேமை, அது மாத கேமாக வந்திருந்தாலும், தள்ளுபடி நாளில் டிஸ்க்காக வாங்கி வைக்கச் சொல்கிறேன்.

"நல்ல கேம் எப்போது வரும்?" என்றும் கேட்டிருந்தீர்கள். இதை யாரும் முன்கூட்டிச் சொல்ல முடியாது, அறிவிப்புக்கு முன் பரவும் பட்டியல்களை நம்பி ஒரு கேமை வாங்காமல் காத்திருக்கவும் வேண்டாம். அறிவித்த பிறகே மாறியதுண்டு: 2019 ஜூலையில் பிஇஎஸ் 2019 என்ற கால்பந்து கேம் என்று சொல்லிவிட்டு, கடைசி நேரத்தில் டெட்ராய்ட்: பிகம் ஹியூமன் கொடுத்தார்கள். ஒரு தயாரிப்பாளர் தன் கேமை ஏன் இப்படிக் கொடுக்கிறார் என்பதை மட்டும் ஓரளவு விளக்கலாம். பலர் கூடி ஆடினால்தான் உயிர்பெறும் கேமுக்கு ஒரே நாளில் கூட்டம் வேண்டும். ராக்கெட் லீக் 2015 ஜூலையிலும், ஃபால் கைஸ் 2020 ஆகஸ்ட்டிலும் வெளியான அன்றே மாத கேமாக வந்து அந்தக் கூட்டத்தைப் பிடித்தன. பணம் எவ்வளவு கைமாறுகிறது என்பதற்கு ஓர் அளவுகோலாக எபிக்கின் கணக்கைச் சொல்லலாம். ஆப்பிளோடு நடந்த வழக்கில் 2021-இல் வெளிவந்த ஆவணப்படி, முதல் ஒன்பது மாதத்தில் கொடுத்த 38 கேம்களுக்கு எபிக் தந்தது சுமார் 1 கோடியே 16 லட்சம் டாலர். சோனியின் ஒப்பந்தமும் இதே அளவு என்று இதை வைத்துச் சொல்லிவிட முடியாது. வந்து பல மாதமாகி விற்பனை தணிந்த பெரிய கேமும், இப்போதுதான் வெளியாகும் சிறிய கேமும் இந்தப் பட்டியலில் அடிக்கடி வருவதற்கான காரணம் மட்டும் இதிலிருந்து புரியும்.

கடைசியாக, கணக்கைப் பற்றி. பிஎஸ்என் (பிளேஸ்டேஷன் நெட்வொர்க்) கணக்கைத் திறக்கும்போது தேர்ந்தெடுத்த நாட்டைப் பிறகு மாற்றவே முடியாது. கிஃப்ட் கார்டும் அதே நாட்டுக்குரியதாக இருக்க வேண்டும். துபாய்க்கோ சிங்கப்பூருக்கோ வேலைக்குப் போகும் எண்ணம் இருந்தால், பல வருட மாத கேம்கள் இந்தியக் கணக்கிலேயே தங்கும், அங்கிருந்தும் இந்தியக் கணக்கின் வழியாகத்தான் பணம் கட்ட வேண்டியிருக்கும். அப்புறம், "மாத கேம் நிறைந்த பிரைமரி அக்கவுண்ட், பாதி விலை" என்று டெலிகிராமில் விற்பவர்களிடம் வாங்காதீர்கள். பாஸ்வேர்டும் மின்னஞ்சலும் விற்றவர் கையில் இருக்கும். அவர் தன் பக்கமிருந்து ஆக்டிவேஷனை ரத்து செய்த நிமிடமே உங்கள் கன்சோலில் எல்லாவற்றுக்கும் பூட்டு விழும். விதிமீறல் என்று சோனி அந்தக் கணக்கை முடக்கினால் முறையிடவும் இடம் இருக்காது. உங்கள் சொந்த மின்னஞ்சலில் திறந்த கணக்கில், இரு படிச் சரிபார்ப்பைப் போட்டு, அதில் மட்டும் சேர்த்து வாருங்கள்.